மேடையில் நீங்கள் பார்த்த வேலு நாச்சியார்: எது மறக்கவில்லை?

ராயபுரத்துக்காரி:
மகளின் பள்ளி ஆண்டு விழா. பள்ளிப் பெயர் வேண்டாம், கல்மண்டபம் பக்கம். வேலு நாச்சியார் நாடகம், கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான். ராணி வேடம் வகுப்பிலேயே சிவப்பான பெண்ணுக்கு. என் மகளுக்கு ராணியின் படையில் இருந்த குயிலி வேடம். ஏன் அவள் குயிலி என்று நான் கேட்கவில்லை, காரணம் தெரியும். உறுத்துவது வேறு. ராணியின் முதுகில் ஒரு பொம்மைக் குழந்தையைத் துணியால் கட்டிவிட்டிருந்தார்கள்! அது ஜான்சி ராணி ஐயா. லட்சுமிபாய் போரிட்டது 1857, 58இல். நாச்சியார் சிவகங்கையை மீட்டது 1780இல். கணவர் முத்துவடுகநாதர் காளையார்கோவிலில் கொல்லப்பட்டது 1772இல். தகப்பன் போய் எட்டு ஆண்டு ஆன பிறகு மகள் வெள்ளச்சி எப்படிக் கைக்குழந்தையாக இருப்பாள்? ராணி வாளைச் சுழற்றியதும் முடிச்சு அவிழ்ந்து பொம்மை தலைகீழாகத் தொங்கியது. அரங்கமே சிரித்தது. அடுத்தது குயிலி தீக்குளிக்கும் காட்சி. சிரிப்பு அடங்குவதற்குள் என் மகள் குதித்தே முடித்துவிட்டாள்.

கொருக்குப்பேட்டை வாசகர்:
அக்கா, பொம்மைக்கு இவ்வளவு கோபமா? குயிலியே நமக்கு வாய்மொழிக் கதை வழியாக வந்தவர்தானே. உடம்பில் எண்ணெய் ஊற்றிக்கொண்டு ஆயுதக் கிடங்கில் குதித்தார் என்பதைக் கேள்வி கேட்காமல் ஏற்றுக்கொள்ளும் நாம், பொம்மைக்கு மட்டும் ஆண்டுக் கணக்குப் பார்க்கலாமா? என் அனுபவம் சின்னது. 2022 குடியரசு தினத்துக்கு டெல்லியில் இடம் கிடைக்காத நம் அலங்கார ஊர்தி சென்னை அணிவகுப்பில் வந்ததே, அதைத் தொலைக்காட்சியில் பார்த்துக்கொண்டிருந்தோம். குதிரை மேல் வாளோடு நாச்சியார். என் அத்தை, "ஜான்சி ராணியை எதற்கு நம் ஊர் வண்டியில் வைத்திருக்கிறார்கள்?" என்றார். அத்தை ஓய்வு பெற்ற ஆசிரியை.

காசிமேடு:
எங்கள் பக்கம் ஆடித் திருவிழாவில் நாடகம். ராணியாக நடித்தவர் ஆண், வயது ஐம்பதுக்கு மேல் இருக்கும். பவுடரையும் மீறி மீசை எடுத்த இடம் பச்சையாகத் தெரிந்தது. பையன்கள் விசிலடித்துக்கொண்டே இருந்தார்கள். பிறகு உடையாள் காட்சி வந்தது. ராணி போன வழியைக் காட்டிக்கொடுக்க மறுத்து வெட்டுப்பட்ட பெண், கொல்லங்குடியில் கோயிலாக இருப்பவள். ராணி தன் தாலியைக் கழற்றி அவளுக்குக் காணிக்கை வைப்பதாகக் கதை. அவர் தாலியில் கை வைத்ததும் முன்வரிசையிலிருந்து ஒரு பாட்டி எழுந்து, "கழற்றாதே அம்மா!" என்று கத்திவிட்டார். கடலுக்குப் போனவர்கள் திரும்பாத வீடுகள் நிறைந்த தெரு அது. நடிகர் திகைத்து நின்றார். பாட்டியைப் பார்த்துக் கும்பிட்டார். அப்புறம்தான் கழற்றினார். விசில் ஒன்று வரவில்லை. அதற்குப் பிறகு எந்த நடிகை வந்து வாளைச் சுழற்றினாலும் எனக்கு மனம் ஒட்டவில்லை.

பழைய வண்ணாரப்பேட்டை:
நாடக உடைகளை வாடகைக்குக் கொடுக்கும் கடையில் வேலை பார்த்தவன் நான். நாச்சியார் வேடம் கேட்டு வருபவர்களுக்குப் பாதி நாள் ஜான்சி ராணி உடைதான் போகும். அவ்வளவுதான் என் கதை. ராயபுரம் அக்காவுக்குச் சில யோசனைகள். அட்டைக் கத்தி வேண்டாம், இரண்டு வீச்சில் மடங்கிவிடும். மெல்லிய பிளைவுட்டில் அறுத்து, ஓரங்களை உப்புத்தாளால் தேய்த்து, வெள்ளிப் பெயின்ட் அடியுங்கள். ஜிகினாத்தாள் ஒட்டினால் விளக்கு பட்டுக் கண் கூசும். தீக்கு ஆரஞ்சு நிறக் காகிதம் ஆகவே ஆகாது, சூடான விளக்கின் பக்கத்தில் அது ஆபத்து. மெல்லிய துணியை நாடாக்களாகக் கிழித்துத் தரையில் வைத்த மின்விசிறியின் முன் கட்டி, கீழிருந்து சிவப்பு விளக்கு போட்டால் நிஜத் தீ மாதிரியே ஆடும். புடவையைக் கச்சம் வைத்துக் கட்டி, இடுப்பில் அகலத் துணி சுற்றி ஊக்கு குத்துங்கள். சவுரியைக் கொண்டை ஊசி மட்டும் தாங்காது, உள்ளே நாடா கட்ட வேண்டும். முடிந்தால் கனமான நகைகளைத் தவிர்க்கவும்.

வியாசர்பாடி:
எல்லோரும் வாளையும் தீயையுமே பேசுகிறீர்கள். நான் பார்த்த தெருமுனை நாடகத்தில் கணவர் செத்ததும் விளக்கு அணைந்தது. "எட்டு ஆண்டுகள் உருண்டோடின" என்றது பின்னணிக் குரல். விளக்கு எரிந்தால் நேரே போர்க்களம்! நடுவில்தானே எல்லாம் நடக்கிறது. விருப்பாட்சியில் பாளையக்காரர் கோபால நாயக்கரிடம் அடைக்கலம். அமைச்சர் தாண்டவராயப் பிள்ளை மைசூரின் ஐதர் அலிக்குக் கடிதம் எழுதிப் படை கேட்கிறார். மருது சகோதரர்கள் ஆள் திரட்டுகிறார்கள். நாடு இல்லாத ராணி, இன்னொரு நாட்டுக்காரரிடம் படை கேட்க என்ன பேசியிருப்பார்? அந்தக் காட்சியை எழுத ஒருவருக்கும் தோன்றவில்லை. இன்னொன்று. காளையார்கோவிலுக்கு ஆற்காட்டு நவாபுக்காகப் போன கிழக்கிந்தியக் கம்பெனிப் படைக்கு உத்தரவு கொடுத்தது இதோ இங்கே, ஜார்ஜ் கோட்டையில். பாரிமுனையில் பஸ் ஏறி அதைத் தாண்டித்தான் கடற்கரைக்குப் போகிறோம். வடசென்னையில் போடும் நாடகத்தில்கூட அந்தக் கோட்டைக்கு ஒரு வசனம் இல்லை.

ராயபுரத்துக்காரி:
வண்ணாரப்பேட்டை அண்ணன், கத்தி செய்வது பற்றி நான் கேட்கவே இல்லை. கொருக்குப்பேட்டைத் தம்பி, வாய்மொழிக் கதை என்று குயிலியைத் தள்ளாதீர்கள். பொம்மை கட்டியது கதையே தெரியாததால். குயிலி கதையை ஊரே இத்தனை தலைமுறையாக வைத்திருக்கிறது. இரண்டும் ஒன்றா? எங்கள் பள்ளி மேடையில் கருப்பான பிள்ளைக்கு வீரமான வேடம் என்று அது ஒன்றுதான் கிடைக்கிறது. அதற்கும் நீங்கள் சான்று கேளுங்கள்.