மீனுக்கு வெள்ளைப்புள்ளி நோய் போயிட்டு திரும்ப வந்துருச்சு, பக்கத்து தொட்டிக்கும் எப்படி போச்சு?

லயத்துப்பையன்:
வணக்கம் அண்ணே அக்கா எல்லாருக்கும். நான் மலேசியாவுல சுங்கை சிப்புட் பக்கம், தோட்டத்துலதான் வீடு. போன மாசம் பசார் மாலாம்ல (ராத்திரி சந்தை) நியான் டெட்ரா மீனு பத்து வாங்கி, பைய கொஞ்ச நேரம் மிதக்கவிட்டு பைத்தண்ணியோட அப்படியே ரெண்டடி தொட்டில ஊத்திட்டேன். மூணாவது நாளு வாலு செதிலெல்லாம் உப்பு தூவுன மாதிரி புள்ளி, மீனுங்க கல்லுல போய் உடம்ப உரசுதுங்க. கடையில நீல மருந்து குடுத்தாங்க, நாலு நாள்ல ஒரு புள்ளி இல்ல, சரி போச்சுன்னு நிறுத்திட்டேன். இப்ப முன்னவிட மோசமா வந்துருச்சு. இன்னொன்னு, வாசப்பக்கம் இருக்குற கப்பி மீன் தொட்டிலயும் புள்ளி, அங்க புது மீன் ஒன்னுகூட விடல. காத்துலயா பறந்துச்சு?

கப்பிமாமா:
தம்பி, வலை எத்தன வச்சிருக்க?

லயத்துப்பையன்:
ஒன்னுதான்ணே. தண்ணி மாத்துற டியூப்பும் வாளியும் ஒன்னுதான்.

கப்பிமாமா:
அப்ப பறக்கல லா, நீதான் தூக்கிட்டு போயிருக்க 😄
நீ பாக்குற புள்ளி மீன் தோலுக்கடியில உக்காந்து தின்னுற ஒட்டுண்ணி, அங்க மருந்து எட்டாது. தின்னு முடிச்சதும் அதுவா கீழ விழுந்து மணல்ல ஒட்டி ஒரு கூடு கட்டிக்கும், அந்த ஒரு கூட்டுக்குள்ளயே நூத்துக்கணக்குல குட்டி வரும், அது வெளிய நீந்தி ரெண்டு நாளுக்குள்ள மீன் கெடைக்கலன்னா செத்துரும். மருந்து கொல்றது அந்த நீந்துற குட்டிய மட்டுந்தான். புள்ளி மறைஞ்சுதுன்னு நீ நிறுத்துன நாள்ல எல்லாம் மணல்ல இருந்துச்சு. ஈர வலையில ஒரு சொட்டு தண்ணி போதும் அடுத்த தொட்டிக்கு போக. தொட்டிக்கு ஒரு வலை வாங்கு, இல்லன்னா நல்லா வெயில்ல மொறுமொறுன்னு காயவச்சு எடு.

ஈப்போ_வாசு:
ஹீட்டர் போட்டு தண்ணிய 30 டிகிரிக்கு ஏத்துங்க ப்ரோ, போயிரும்.

மீன்காரியக்கா:
நம்ம ஊரு தண்ணி பகல்ல சும்மாவே 28 இருக்கு, ஹீட்டருக்கு காசு செலவு பண்ணாத தம்பி. மழைக்காலத்துல ராத்திரி சட்டுனு குளுந்தா மீனு சோர்ந்துபோய் இதெல்லாம் வரும், அப்ப வேணும்னா பாக்கலாம். சூடு ஏறுனா அந்த ஒட்டுண்ணியோட வாழ்க்கைச் சுத்து சீக்கிரம் முடியும், ஆனா தண்ணில காத்து கொறையும், அதனால ஏர்பம்பு கண்டிப்பா ஓடட்டும்.
நான் பண்றது கல்லுப்பு. உன் ரெண்டடி தொட்டில ஒரு 50 லிட்டர் இருக்கும், லிட்டருக்கு 2 கிராம்னா 100 கிராம், தராசுல நிறு, கையால அள்ளி போடாத. தனியா கரைச்சு ஒரு நாள் பூரா கொஞ்சங்கொஞ்சமா ஊத்து. தண்ணி மாத்துனா மாத்துன அளவுக்கு மட்டும் உப்பு சேரு, ஏன்னா உப்பு ஆவியாகாது, வத்துன தண்ணிக்கு பச்சத்தண்ணியே போதும். மணல டியூப் வச்சு தெனம் உறிஞ்சு எடு. கடைசி புள்ளி மறைஞ்சப்புறமும் இன்னும் ஒரு வாரம் நிறுத்தாம பண்ணு. ரெண்டு தொட்டியையும் ஒரே நேரத்துல பாரு, ஒன்ன விட்டா அங்கேருந்து திரும்பும்.
இனிமே புது மீனு வாங்குனா ஒரு பழைய ஐஸ்பெட்டில மூணு வாரம் தனியா வை. பைத்தண்ணிய தொட்டில ஊத்தவே ஊத்தாத, அது கடைக்காரன் தொட்டித்தண்ணி. செடி வாங்குனாலும் அதேதான்.

லயத்துப்பையன்:
நன்றிக்கா. ஆங் சொல்ல மறந்துட்டேன், தொட்டில கோரி (அடியில மேயுற சின்ன கெளுத்தி) மூணு இருக்கு, பரவால்லயா?

மீன்காரியக்கா:
அத மொதல்லயே சொல்லக்கூடாதா! அதுங்களுக்கு நம்ம மீனு மாதிரி செதிலு கெடையாது, உப்பும் மருந்தும் ரொம்ப தாங்காது. உப்ப பாதியாக்கு, மருந்துன்னாலும் டப்பால போட்டதுல பாதி. மூச்சு வேகமா வாங்குனா ஒடனே கால்வாசி தண்ணி மாத்து. உப்பு இன்னும் போடலதானே?

லயத்துப்பையன்:
போடலக்கா. தராசு தேடிக்கிட்டு இருக்கேன்.