ராணி ராசமணி: தட்சிணேசுவரத்துக்குச் சொத்து எழுதி வைத்ததில் எங்கே இடித்தது?

நெல்லை வாசகன் கேட்டது:

ராணி ராசமணி பற்றி நீண்ட கட்டுரை ஒன்று தயார் செய்கிறேன். தமிழில் கிடைப்பதெல்லாம் ராமகிருஷ்ணர் வாழ்க்கையை ஒட்டியே இருக்கிறது. கல்கத்தா அருகே தட்சிணேசுவரம் காளி கோயிலைக் கட்டிய புண்ணியவதியாக அந்த அம்மாள் இரண்டு பக்கம் வந்துவிட்டுப் போய்விடுகிறார். எனக்கு வேண்டியது வரவு செலவும் பத்திரமும்.

கணவர் ராஜசந்திர தாஸ் 1836இல் இறந்ததும் அவ்வளவு சொத்தும் விதவையின் கைக்கு எப்படி வந்தது? 1861இல், இறப்பதற்கு முந்தின நாள் கோயில் பத்திரத்தில் கையெழுத்திட்டாராம். மூத்த மகள் கையெழுத்துப் போட மறுத்தாராம். ராணியின் சொத்துக்கு மகள் சம்மதம் எதற்கு? கணவர் நினைவாகத்தான் கல்கத்தாவில் பாபு காட் என்ற படித்துறையைக் கட்டினார் என்பதும் சரிதானா?

'பழைய பத்திரம்' என்பவரின் பதில்:

சொத்து கைக்கு வந்ததற்குக் காரணம் வங்காளத்தின் தாயபாகச் சட்டம். நம் பக்கத்து மிதாட்சர முறையில், பாகம் பிரியாத குடும்பத்தில் ஆண் வாரிசில்லாமல் ஒருவர் இறந்தால் அவர் பங்கு மீதிப் பங்காளிகளுக்குப் போய்விடும், மனைவிக்கு ஜீவனாம்சம்தான். தாயபாகத்தில் பிறப்பால் பங்கு என்ற பேச்சே கிடையாது. மகன் இல்லாவிட்டால் கணவன் சொத்து மனைவிக்கு வரும். ராசமணிக்கு நான்கு பெண்கள், மகன் இல்லை. தஞ்சாவூரில் பிறந்திருந்தால் இந்தக் கதையே வேறு.

ஆனால் வந்தது முழு உரிமை அல்ல. ஆயுள் வரை வருமானத்தை அனுபவிக்கலாம், நிர்வகிக்கலாம். குடும்பத்தின் அவசியத் தேவைக்கோ, கணவரின் ஆன்ம நலனுக்காக ஓரளவுக்கோ தவிர விற்கவும் தானம் செய்யவும் முடியாது. அவர் காலத்துக்குப் பிறகு சொத்து கணவரின் அடுத்த வாரிசுகளுக்கு, அதாவது மகள்களுக்குப் போகும். இந்து விதவைக்கு முழு உரிமை கிடைத்தது 1956 சட்டத்தில்தான்.

இப்போது பத்திரத்துக்கு வருவோம். கோயிலுக்காகத் தினாஜ்பூர் மாவட்டம் சால்பாரியில் 2,26,000 ரூபாய்க்கு ஜமீன் வாங்கியது 1855இல். தேவோத்தரப் பத்திரம், அதாவது சாமி பெயருக்குச் சொத்தை எழுதி வைக்கும் பத்திரம், எழுதியது 1861 பிப்ரவரி 18. மறுநாள் இறந்துவிட்டார். இடைப்பட்ட ஐந்தரை வருடமும் அந்த ஜமீன் காகிதத்தில் கோயில் சொத்து அல்ல. விதவை தன் வருமானத்தை மிச்சம் பிடித்து வாங்கிய நிலம் அவருக்கே சொந்தமா, கணவர் சொத்தோடு சேர்ந்துவிடுமா என்பது அந்தக் கால நீதிமன்றங்களில் ஓயாத வழக்கு. அவர் அதை எந்த எண்ணத்தில் வைத்திருந்தார் என்று பார்த்துத்தான் தீர்ப்பு சொல்வார்கள். அடுத்த வாரிசுகளே சம்மதித்துக் கையெழுத்திட்டுவிட்டால் அந்தக் கேள்வியே எழாது. அப்போது உயிரோடு இருந்தவர்கள் மூத்தவள் பத்மமணியும் கடைசி மகள் ஜகதாம்பாவும். ஜகதாம்பா போட்டார், பத்மமணி போடவில்லை. 1872இல் விஷயம் வழக்காகிக் கல்கத்தா உயர் நீதிமன்றம் வரை போனது.

என்னைக் கேட்டால் பத்மமணியைப் பொல்லாதவளாகக் காட்டுவது நியாயமில்லை. தனக்கு வரவேண்டிய உரிமையை விட்டுக்கொடுக்கும் கையெழுத்து அது.

இன்னொன்று, கோயிலை நிர்வகிப்பவரைக் குறிக்கும் வங்காளச் சொல் 'சேபாயத்' என்பதை அப்படியே 'தர்மகர்த்தா' என்று எழுதிவிடாதீர்கள். நம் தர்மகர்த்தாவுக்குக் கோயில் சொத்தில் சொந்தப் பாத்தியதை கிடையாது, வெறும் நிர்வாகி. வங்காளத்து சேபாயத் பதவியே ஒருவகைச் சொத்து, வாரிசுக்கு இறங்கும். தலைமுறை பெருகப் பெருகப் பங்கு துண்டாகும், பூசை முறை வைத்துச் சுற்றும். சண்டைக்கு விதை அங்கேயே இருக்கிறது.

'ஹூக்ளிக்கரை' என்பவரின் பதில்:

பாபு காட் விஷயம் தவறு. படித்துறை வாசலில் பளிங்குக் கல்வெட்டு இருக்கிறது: ராஜசந்திர தாஸின் செலவில் 1830இல் கட்டப்பட்டது, தனியார் கொடையைப் பொதுக் காரியங்களுக்குத் திருப்பும் நோக்கத்தில் இனி அவர் பெயராலேயே வழங்க வேண்டும் என்று கவர்னர் ஜெனரல் பெண்டிங்க் உத்தரவிட்டிருக்கிறார். ராஜசந்திரர் இறந்தது அதற்கு ஆறு வருடம் கழித்து. உயிரோடு இருப்பவருக்கு எங்கே நினைவுப் படித்துறை? இணையத்தில் ஒருவர் எழுதியதைப் பார்த்து மற்றவர் எழுதிப் பரவியது இது.

ராசமணியின் சாமர்த்தியத்துக்கு மீன்பிடி வரி விவகாரத்தைச் சேருங்கள். வலைகள் கப்பலுக்கு இடைஞ்சல் என்று கம்பெனி ஆற்றில் மீன்பிடிக்க வரி போட்டது. செம்படவர்கள் இவரிடம் வந்தார்கள். மனுப் போடவில்லை இவர். குசூரியிலிருந்து மெட்டியாபுரூஸ் வரையான ஆற்றுப் பகுதியின் மீன்பிடி உரிமையை 10,000 ரூபாய்க்குக் குத்தகை எடுத்தார். குத்தகை கையில் வந்ததும் ஆற்றின் குறுக்கே இரும்புச் சங்கிலி கட்டிக் கப்பலை மறித்தார். ஏன் என்று கேட்டதற்கு, கப்பல் போனால் மீன் ஓடிவிடுகிறது, என் குத்தகைக்கு நஷ்டம் என்று பதில். கம்பெனி வரியை ரத்து செய்து பணத்தையும் திருப்பிக் கொடுத்தது. வாழ்க்கை வரலாறுகள் எல்லாம் இப்படித்தான் சொல்கின்றன.

சாதிப் பிரச்சினையையும் இதே வழியில்தான் கடந்தார். பண்டிதர்கள் சூத்திரராகக் கருதிய கைவர்த்த சாதிப் பெண் கட்டிய கோயிலில் அன்னம் படைக்கக்கூடாது, பிராமணர் பிரசாதம் வாங்கக்கூடாது என்று பண்டிதர்கள் சொல்லிவிட்டார்கள். ஜாமாபுகூரில் பாடசாலை நடத்திய ராம்குமார் ஒருவர்தான் வழி சொன்னார்: கோயிலை முதலில் ஒரு பிராமணருக்குத் தானமாகக் கொடுத்துவிட்டு, பிரதிஷ்டையையும் அன்ன நைவேத்தியத்தையும் அவர் பெயரில் நடத்தினால் தடையில்லை. ராசமணி தன் குருவின் பெயருக்கு மாற்றினார். அதன் பிறகும் பூசைக்கு ஆள் வரத் தயங்க, ராம்குமாரே அர்ச்சகர் ஆனார். அவருடைய தம்பிதான் ராமகிருஷ்ணர்.

நெல்லை வாசகன்:

மிக்க நன்றி, இரண்டு பேருக்கும். கணவர் வழி உரிமை என்ற கோணம் எனக்குத் தோன்றவே இல்லை. கோயில் செலவுத் தொகைகளை இன்றைய மதிப்பில் போடலாமா? தினாஜ்பூர் வரை போய் ஜமீன் வாங்குவானேன், கல்கத்தாவில் வாடகைக் கட்டடம் போதாதா?

பழைய பத்திரம்:

இன்றைய மதிப்பில் போடாதீர்கள். தங்கத்தை வைத்துக் கணக்கிட்டால் ஒரு தொகை வரும், அரிசியை வைத்தால் வேறொன்று. அந்தக் காலச் சம்பளத்தோடு ஒப்பிட்டால் வாசகருக்குச் சட்டென்று புரியும். 1847இல் வாங்கிய ஏறத்தாழ 20 ஏக்கர் நிலம் 42,500 ரூபாய். கோயில் கட்ட 9 லட்சம், 1855 மே 31 பிரதிஷ்டைக்கு மட்டும் சுமார் 2 லட்சம். 1858ஆம் வருடக் கோயில் கணக்கில் ராமகிருஷ்ணருக்கு மாதம் 5 ரூபாய் சம்பளம். வேட்டியும் அன்றாட அரிசி, பருப்பு, விறகும் தனி.

ஜமீன் வாங்கியது அன்றைய நிலையில் புத்திசாலித்தனம். 1793 நிரந்தரத் தீர்வையால் சர்க்காருக்குக் கட்டும் கிஸ்தி கூடாது. சாகுபடி விரிந்தால் உபரி முழுக்கக் கோயிலுக்கு. ஆபத்து ஒன்றுதான்: கெடு நாளில் சூரியன் மறைவதற்குள் கிஸ்தி போய்ச் சேராவிட்டால் ஜமீன் ஏலத்துக்கு வந்துவிடும். அதனால் சாமி சொத்துக்கும் நம்பகமான குமாஸ்தா வேண்டும். ராசமணிக்கு அந்த வேலையைப் பார்த்தவர் மருமகன் மதுர்பாபு.

ஹூக்ளிக்கரை:

ஒரு சேர்க்கை. 1947இல் தினாஜ்பூர் மாவட்டமே இரண்டாகப் பிளந்தது. 1950இல் கிழக்கு வங்காளமும் 1953இல் மேற்கு வங்காளமும் சட்டம் போட்டு ஜமீன் முறையை ஒழித்தன. கோயிலின் இன்றைய வரவைப் பற்றி எழுதும்போது சால்பாரியை இழுக்காதீர்கள், அதைத் தனிப் பத்தியாகப் பிரித்துவிடுங்கள்.