கடைசி இலக்கம் சரியாக இருந்தும் முழு வர்க்கம் இல்லையா? உதவி தேவை

அரூர் மாணவி:
வணக்கம். குரூப் 4 தேர்வுக்கு வீட்டிலிருந்தே படிக்கிறேன். 1116, 1944, 2744, 4096 ஆகியவற்றில் எவை முழு வர்க்கம், எவை முழு கனம் என்று ஒரு மாதிரித்தாளில் கேட்டிருந்தார்கள். 2, 3, 7, 8இல் முடிந்தால் முழு வர்க்கம் இல்லை என்று தெரியும். இந்த நான்குமோ 4 அல்லது 6இல் முடிகின்றன. விடைக்குறிப்பில் 4096 இரண்டிலும் வருகிறது. அச்சுப் பிழையா?

காவேரிப்பட்டணம் ஆசிரியை:
அச்சுப் பிழை இல்லை, கண்ணு. கடைசி இலக்கம் ஓர் எண்ணைத் தள்ளுவதற்குத்தான் உதவும், ஏற்பதற்குப் போதாது. அடுத்த சோதனையாக இலக்கங்களைக் கூட்டிக்கொண்டே போய் ஓரிலக்கமாக்கு. முழு வர்க்கம் என்றால் 1, 4, 7, 9இல் ஒன்றுதான் வரும். முழு கனம் என்றால் 1, 8, 9. 2744க்கு 17, பிறகு 8. ஆகவே வர்க்கம் இல்லை, கனமாக இருக்கலாம். ஆனால் 1116, 1944 இரண்டுக்கும் 9 வருகிறதே! இந்தச் சோதனையும் தள்ளத்தான் உதவும்.

முடிவு சொல்வது பகாக் காரணிகள். 1116 = 2×2×3×3×31. அந்த 31க்கு ஜோடி இல்லை. 2744இல் மூன்று 2, மூன்று 7. எனவே 14இன் கனம். 1944இல் மூன்று 2, ஐந்து 3. ஜோடியாகவும் சேராது, மும்மூன்றாகவும் சேராது. இன்னொரு 3 கொடுத்தால் 5832, அதாவது 18இன் கனம். ‘எந்தச் சிறிய எண்ணால் பெருக்க வேண்டும்’ என்ற கேள்விக்கு இதுதான் வழி, நன்றாகப் பழகிக்கொள்.

4096 முழுக்க 2தான், பன்னிரண்டு முறை. 12ஐ 2ஆலும் வகுக்கலாம், 3ஆலும் வகுக்கலாம். அதனால் 64இன் வர்க்கம், 16இன் கனம்.

பர்கூர் கிரானைட் தொழிலாளி:
தங்கச்சி, ஓர் அடிச் சதுரக் கற்கள் 1116 இருந்தால் 33 வரிசையில் சதுரத் தளம் போட்டு 27 கல் மிஞ்சும். 34 வரிசைக்கு 40 கல் குறையும். எங்கள் வேலையில் இப்படித்தான் சரிபார்ப்போம்.

ஓசூர் வாசகர்:
தேர்வில் நேரம் முக்கியம். 46656 ஒரு கனம் என்று தெரிந்தால் மூலத்தை உடனே சொல்லலாம். கடைசி மூன்று இலக்கங்களை விட்டால் மிஞ்சுவது 46. அது 27க்கும் 64க்கும் இடையில், ஆகவே பத்தாம் இடம் 3. 6இல் முடியும் கனத்தின் மூலமும் 6இல் முடியும். விடை 36. கனத்தில் 2உம் 8உம் இடம் மாறும், 3உம் 7உம் அதேபோல் இடம் மாறும், மற்றவை மாறாது. முழு கனம் இல்லாத எண்ணுக்கு இந்த முறை தவறான விடை தரும், கவனம்.

அரூர் மாணவி:
மிக்க நன்றி டீச்சர், நன்றி அண்ணா. அப்படியானால் இரண்டாகவும் இருப்பவை ஆறாம் அடுக்குகள். ஒரு லட்சத்துக்குள் 1, 64, 729, 4096, 15625, 46656 என ஆறுதானா?

காவேரிப்பட்டணம் ஆசிரியை:
இயல் எண்கள் என்று கேட்டால் ஆறு. முழு எண்கள் என்றால் 0வும் சேரும், ஏழு. கேள்வியில் எது இருக்கிறது என்று பார்த்து எழுது.