ஏதென்ஸ்ல கைடு வச்சு நடந்து பாக்கறது வொர்த்தா? அம்மாவும் கூட வராங்க

கொரடாச்சேரிக்காரன்:

வணக்கம் மக்களே. உளுந்து எடுத்து முடிச்ச கையோட ஏப்ரல் கடைசில ஜெர்மனில இருக்க தங்கச்சி வீட்டுக்குப் போறோம், நான், வீட்டுக்காரம்மா, எட்டாவது படிக்கிற பையன், அப்பறம் எங்கம்மா. திரும்பறப்ப மூணு நாள் ஏதென்ஸ்ல இறங்கியே ஆகணும்னு பையன் ஒத்தக்கால்ல நிக்கிறான், ஆறு மாசமா அவன் வாயில ஜீயஸ், அதீனான்னு கிரேக்கச் சாமிங்க பேரு தவிர வேற பேரே வரல.

நெட்ல பாத்தா கைடு கூட நடந்து பாக்கற டூர்னு ஏகப்பட்டது கெடக்கு, அக்ரோபொலிஸ் (ஊர் நடுவுல மலை மேல இருக்க பழைய கோயிலுங்க) மட்டும்னா ரெண்டு மணி நேரம், மியூசியத்தையும் சேத்தா நாலு மணி நேரம், கீழ இருக்க பழைய சந்தைத் திடல், அகோராவும் வேணும்னா அரை நாளுக்கு மேலன்னு போட்டிருக்கான். என் சந்தேகம் இதான், காசு குடுத்து கைடு தேவையா, இல்ல போன்ல ஒரு ஆப்பப் போட்டு காதுல மாட்டிக்கிட்டு நாமளே சுத்திடலாமா? அம்மாவுக்கு 64 வயசு, முழங்கால் வலி வேற, இங்கிலீஷும் தெரியாது, கைடு சொல்றத நான் தமிழ்ல சொல்லி முடிக்கறதுக்குள்ள கூட்டம் அடுத்த தூணுக்குப் போயிடும்.

இன்னொன்னும் இருக்கு. அம்மா போட்டோவப் பாத்துட்டு "இடிஞ்சு கெடக்குற கோயிலப் பாக்க இவ்ளோ தூரம் போகணுமாடா, நம்ம ஊரச் சுத்தியே எத்தன கெடக்கு"ன்னு கேட்டுட்டாங்க. எனக்குப் பதில் வரல. போனவங்க யாராவது சொல்லுங்க.

டிகிரிகாபி:

நண்பா, நான் போன அனுபவத்துல சொல்றேன், கூட்டத்தோட கூட்டமா போற டூர் வேஸ்ட். எங்க குரூப்ல முப்பது பேருக்கு மேல, எல்லாருக்கும் ஒரு இயர்போன், கைடு கைல ஒரு குச்சில துணி கட்டித் தூக்கிப் பிடிச்சுக்கிட்டே ஓட்டம், எங்க வீட்டம்மா செருப்பு வார் அறுந்து நின்னப்ப திரும்பிப் பாத்தா குச்சியக் காணோம். காதுல மட்டும் குரல் கொரகொரன்னு வருது, அந்தாளு எந்தத் தூணப் பத்திப் பேசறாருன்னே தெரியல. டூர் காசுல உள்ள போற டிக்கெட் சேராதுங்கறத வாசல்ல வச்சுதான் சொன்னாங்க. அத முன்னாடியே கேட்டுக்கங்க, இப்ப அக்ரோபொலிஸுக்கே தலைக்கு 30 யூரோ.

டிக்கெட்ல நேரம் போட்டிருக்கும், காலைல முதல் ஸ்லாட் 8 மணி, அதையே எடுங்க. ஒரு நாளைக்கு 20,000 பேர்னு கணக்கு வச்சிருக்காங்க, அந்த இருபதாயிரமும் பதினோரு மணிக்கு ஒண்ணா மேல நிக்கிற மாதிரி இருக்கும். என் யோசன, முதல் நாள் கீழ இருக்க அக்ரோபொலிஸ் மியூசியம் போயிடுங்க, 2009ல தொறந்தது, ஏசி, லிஃப்ட், உக்கார எடம் எல்லாம் இருக்கு, தரைல அங்கங்க கண்ணாடி, காலுக்குக் கீழ தோண்டி எடுத்த பழைய வீதி தெரியும் (எனக்கு வயித்த கலக்கிடுச்சு). அதப் பாத்துட்டு மறுநாள் மலை ஏறுனா கைடே வேணாம்.

பெரியகோயில்_நிழல்:

தஞ்சாவூர்ல கைடு வேல பாக்கறவன் நான், அதனால "கைடு வேணாம்"னு சொன்னா வயித்துல அடிச்ச மாதிரி இருக்கு 😄 ஆனா டிகிரிகாபி சொன்ன முப்பது பேர் கதை உண்மைதான், எங்க ஊர்லயும் பஸ்ஸ நிறுத்தி நாப்பது நிமிஷத்துல பெரிய கோயில முடிக்கிறவங்க இருக்காங்க, நந்தி முன்னாடி போட்டோ, விமானத்து நிழல் தரையில விழாதுன்னு ஒரு கட்டுக்கதை, முடிஞ்சுது. நிழல் நல்லாவே விழும், என் பேர்லயே இருக்கு பாருங்க.

நான் மூணு வருசத்துக்கு முன்னாடி போனேன், எங்ககிட்ட டூர் வந்த ஒரு கிரேக்கக் குடும்பம் கூப்ட்டாங்க. அங்க கைடுன்னா லைசென்ஸ் கட்டாயம், கழுத்துல அடையாள அட்டை தொங்கும், பெரும்பாலும் நல்லாப் படிச்சவங்க. நாலு பேர் குடும்பத்துக்குத் தனியா ஒருத்தர வச்சுக்கங்க, செலவு கூடத்தான், ஆனா அம்மா நடைக்கு அவங்க நடப்பாங்க. "ஃப்ரீ டூர்"னு ஒண்ணு கண்ணுல படும், அது பெரும்பாலும் தெருவுலயே சுத்திக் காட்டிட்டு கடைசில டிப்ஸுக்குக் கை நீட்டறது, உள்ள வரமாட்டாங்க.

இப்ப உங்கம்மா கேள்விக்கு வரேன். மொழிபெயர்க்கவே செய்யாதீங்க, ஸ்தல புராணமா சொல்லுங்க. மலை மேல எரெக்தியோன்னு ஒரு கோயில், அது பக்கத்துல ஒரு ஆலிவ் மரம் நிக்கும். இந்த ஊர் யாருக்குன்னு அதீனாவுக்கும் கடல்சாமி பொசைடனுக்கும் போட்டி, அவர் சூலத்தால குத்தி உப்புத்தண்ணி ஊத்து வரவச்சாரு, அம்மன் ஆலிவ் மரத்தக் குடுத்தாங்க, ஊர்க்காரங்க மரம்தான் பொழப்புக்கு ஆகும்னு அம்மன் பக்கம் சாஞ்சுட்டாங்க. ஆக ஸ்தல விருட்சம் இருக்கு, தீர்த்தம் இருந்துச்சு. (இப்ப நிக்கிற மரம் பின்னால நட்டதுதான், அதையும் சொல்லிடுங்க.) மூலவர் எங்கன்னு கேப்பாங்க. மலை மேல இருக்க பெரிய அதீனா கோயில், பார்த்தினான்ல இருந்தது தங்கமும் தந்தமும் போத்தின பெரிய அதீனா, ஃபிடியாஸ்ங்கற சிற்பி செஞ்சது, நாப்பதடி ஒசரம், இப்ப இல்ல. ஆனா அந்த ஊருக்கு ரொம்பப் பழைய அம்மன்னா அது ஆலிவ் மரத்துல செஞ்ச ஒரு சின்னச் சிலை, அத்திவரதர் மாதிரி மரத் திருமேனி, திருவிழாவுல புதுசா நெய்த வஸ்திரம் சாத்தறது அதுக்குத்தான். நாலு வருசத்துக்கு ஒரு தடவ பெரிய திருவிழா, அப்ப அந்த வஸ்திரத்தக் கப்பல் மாதிரி செஞ்ச ஒரு வண்டில பாயாட்டம் கட்டி ஊர்வலமா இழுத்துட்டு வருவாங்க. திருவாரூர்ல ஆழித்தேர் வடம் பிடிச்ச குடும்பத்துக்கு இத மொழிபெயர்க்கவா வேணும்?

இதெல்லாம் எனக்கு அந்த ஊர் கைடம்மா சொன்னதுதான். அவங்க இல்லன்னா பார்த்தினான் பின்பக்கத்தப் பாத்துட்டு அதான் முகப்புன்னு நினைச்சுட்டு வந்திருப்பேன், ஏன்னா நாம ஏறுறது மேற்கு வழியா, கோயில் வாசல் நம்ம கோயிலாட்டம் கிழக்க பாத்து இருக்கு. அப்பறம் அந்தத் தரை சமமே இல்ல, நீளப் பக்கத்துல நடுவுல பத்து சென்டிமீட்டர் சொச்சம் மேடு, தூணெல்லாம் லேசா உள்ளுக்குச் சாஞ்சு நிக்குது, நடு உடம்பு கொஞ்சம் பருத்தது, எல்லாமே வேணும்னே பண்ணது. ஓரத்துல நின்னு படியோட விளிம்பப் பாருங்கன்னு சொன்னாங்க, பாத்தேன், ஒடம்பு புல்லரிச்சுப் போச்சு. வெள்ள வெளேர்னு இருக்கே, அதுவும் நிஜம் இல்ல, சிற்பத்துல எல்லாம் செவப்பு, நீலம்னு வண்ணம் அடிச்சிருந்தாங்க, நம்ம கோபுரத்துச் சுதை பொம்மைங்க மாதிரி.

அது தானா இடிஞ்சதுன்னும் அம்மா நினைக்க வேணாம். கி.மு. 447ல ஆரம்பிச்சு 438ல கட்டிமுடிச்சது, சிற்ப வேல இன்னும் ஆறு வருசம். அம்மன் கோயில், அப்பறம் சர்ச், அப்பறம் மசூதின்னு ரெண்டாயிரம் வருசத்துக்கு மேல நின்னுச்சு. 1687ல துருக்கிக்காரங்க உள்ள வெடிமருந்து அடுக்கி வச்சிருந்தாங்க, வெனிஸ் படை குண்டு போட்டான், நடு வயிறு வெடிச்சுப் போச்சு.

கொரடாச்சேரிக்காரன்:

அண்ணே, நீங்க எழுதினத அப்படியே அம்மாவுக்குப் படிச்சுக் காட்டிட்டேன். வெடிமருந்து வச்ச எடத்துல "பாவிங்க"ன்னாங்க. முட்டிக்கு என்ன பண்றது, ஏற முடியுமா?

நாகை_கப்பல்காரன்:

தம்பி, நான் கப்பல்ல இருந்தப்ப பிரேயஸ் துறைமுகத்துக்கு ஏழெட்டு தடவ போயிருக்கேன், அதான் ஏதென்ஸுக்குத் துறைமுகம், அங்கேருந்து பச்ச லைன் மெட்ரோ ஏறுனா மொனஸ்டிராக்கில எறங்கி அப்படியே அகோரா பக்கம் நடந்துடலாம். அம்மா சுவாமிமலை 60 படி நின்னு நின்னு ஏறுவாங்களா? ஏறுனா இதையும் ஏறிடுவாங்க, உச்சிப்பிள்ளையார் கோயில் மாதிரி செங்குத்து இல்ல. ஆனா கல்லு ரொம்ப வழுக்கும், காலங்காலமா மிதிச்சு மிதிச்சு மார்பிள் கண்ணாடியா ஆயிருக்கு, ரப்பர் அடி வச்ச ஷூ கட்டாயம், நம்ம ஊர் லெதர் செருப்பு ஆகவே ஆகாது. நடக்கவே முடியாதவங்களுக்கு லிஃப்ட் வச்சிருக்காங்க, காத்து பலமா அடிச்சா நிறுத்திடுவாங்க. ஏப்ரல்ல வெயில் பரவால்ல. ஜூலைல போனீங்கன்னா மத்தியானம் இழுத்துப் பூட்டுன நாளும் உண்டு, அவ்ளோ அனல்.

பையன அகோரால விடுங்க. அங்க அட்டலோஸ் ஸ்டோவான்னு நீளமா ஒரு மண்டபம், 1950கள்ல பழைய மாதிரியே திரும்பக் கட்டினது, உள்ள மியூசியம். ஒடஞ்ச பானை ஓடுல பேரு கீறி வச்சிருப்பாங்க, தெமிஸ்டோக்ளீஸ்னு பெரிய தலைவர், அவர் பேர் கீறுன ஓடே கெடக்கு. ஊர விட்டு யாரத் தொரத்தணும்னு ஜனங்க ஓட்டு போட்ட ஓடு, பத்து வருசம் ஊர்ப்பக்கம் வரக்கூடாது. ஓலைல பேரெழுதிக் குடத்துல போட்டு நாம ஆளத் தேர்ந்தெடுத்தோம், அவங்க ஓட்டுல எழுதி ஆள அனுப்பியிருக்காங்க. குலுக்கல்ல ஆள் எடுக்கறதுக்கும் அங்க ஒரு கல்லு இருக்கு, வரிசையா துளை போட்டது, உத்தரமேரூர் கல்வெட்டுல படிச்சத அங்க கல்லுலயே பாத்த மாதிரி இருந்துச்சு எனக்கு.

அப்பறம் ஒண்ணு. அவங்க நமக்கு ஒண்ணும் புதுசு இல்ல தம்பி. பூம்புகார்ல யவனர் இருந்த எடம்னு சிலப்பதிகாரத்துலயே வருது, தாலமி கிரேக்கத்துல எழுதின புவியியல்ல "கபேரிஸ்"னு ஒரு பட்டினம் வருதே, நம்ம காவிரிப்பூம்பட்டினம்தான். அம்மாகிட்ட நம்ம ஊருக்கு யாவாரத்துக்கு வந்தவங்க வீட்டுக்கு ஒரு எட்டு போய் பாத்துட்டு வரலாம்னு சொல்லுங்க.

மெழுகுவார்ப்பு:

எல்லாரும் கல்லையே பேசறீங்க. சுவாமிமலைல எங்க வீட்டுத் தொழில் வார்ப்பு, அதனால சொல்றேன், மூணு நாள்ல ஒரு அரை நாள் நேஷனல் ஆர்க்கியாலஜிகல் மியூசியத்துக்கு ஒதுக்குங்க. கடல்ல கெடச்ச ஒரு வெண்கலச் சிலை இருக்கு, ரெண்டு மீட்டருக்கு மேல ஒசரம், ரெண்டு கையையும் விரிச்சு எதையோ வீசப் போற மாதிரி. அது ஜீயஸா பொசைடனான்னு இன்னும் அடிச்சுக்கறாங்க, ஏன்னா கைல இருந்த ஆயுதம் இல்ல. அது மின்னலா சூலமாங்கறதுதான் வழக்கே. நம்ம கோயில்ல ஆயுதம் போனாலும் முத்திரைய வச்சே சாமியச் சொல்லிடுவோம், அங்க அந்த வசதி இல்ல.

அவங்களும் மெழுகுதான், மண்ணு கட்டி மெழுக உருக்கி ஊத்திட்டு உலோகம் விடறது. ஆனா அவங்களது உள்ள பொள்ளல், கை காலத் தனித்தனியா வார்த்து ஒட்டியிருக்காங்க. நம்ம உற்சவர் கெட்டி வார்ப்பு, ஒரே உருவா வரும், அதான் தூக்கறப்ப தோள் கழண்டு போகுது. அந்தப் பெரிய சிலைக்கு முன்னாடி நான் முக்கா மணி நேரம் நின்னேன், இணைப்பு எங்கன்னு தேடித் தேடி. ஒரு கால் முன்ன, குதிகால் தரையத் தொடல, அந்தக் கனம் எப்படி நிக்குதுன்னு அப்பாவுக்கு வீடியோ கால்ல காட்டினேன், அவர் ஒண்ணே ஒண்ணு சொன்னாரு, "உள்ள காலிடா, அதான் துள்றான்".

அந்தக் காலத்து வெண்கலம் அவங்ககிட்ட மிச்சம் கம்மி, முக்கால்வாசிய உருக்கிட்டாங்க, கடலுக்குள்ளயும் மண்ணுக்குள்ளயும் போனது தப்பிச்சுது. 1959ல பிரேயஸ்ல தெருவத் தோண்டறப்ப அப்போலோ, அதீனான்னு வெண்கலச் சிலைங்க வந்துச்சு, நம்ம சீர்காழி சட்டைநாதர் கோயில்ல 2023ல யாகசாலைக்குப் பள்ளம் தோண்டுனப்ப ஐம்பொன் சிலையும் தேவாரச் செப்பேடும் வந்த மாதிரியே. பையனுக்கு அதே நேஷனல் மியூசியத்துல ஆண்டிகித்தெரா மெஷின் இருக்கு, கப்பல் முங்கின எடத்துலேருந்து 1901ல எடுத்தது, பல்சக்கரம் வச்சு கிரகணம் கணக்குப் போட்ட பெட்டி, கிட்டத்தட்ட ரெண்டாயிரம் வருசத்துக்கு முந்தின வாக்கியப் பஞ்சாங்கம்னு வச்சுக்கங்க.

டிகிரிகாபி:

சரி, கைடு விஷயத்துல நான் பாதி எறங்கி வரேன், தனிக் கைடுன்னா ஓகே. மியூசியம் முதல்லங்கறதுல மாறமாட்டேன். மேல் மாடில பார்த்தினான் சிற்பப் பட்டைய வரிசையா மாட்டி வச்சிருக்காங்க, நடுநடுவுல வெள்ளையா சுண்ணாம்பு நகல் வரும், அதுங்களோட நிஜம் பெரும்பாலும் எல்ஜின் பிரபுன்னு ஒரு பிரிட்டிஷ் தூதர் 1801லேருந்து பேத்து லண்டனுக்குக் கொண்டு போனது. பொண்ணு உருவத்துல தூண் ஆறு இருந்துச்சு எரெக்தியோன்ல, மலை மேல இப்ப நிக்கிறது நகல், அஞ்சு நிஜம் மியூசியத்துல, ஒண்ணு பிரிட்டிஷ் மியூசியத்துல. அவ எடத்த காலியாவே விட்டு வச்சிருக்காங்க.

பெரியகோயில்_நிழல்:

உங்க திருவாரூர் மாவட்டத்துப் பத்தூர் நடராஜர் ஞாபகம் வருது. 1976ல மண்ணுக்குள்ளேருந்து வந்து, லண்டன் போய், கோர்ட்ல கோயில் சார்பா கேஸ் நடந்து 1991ல திரும்பி வந்தாரே.

கொரடாச்சேரிக்காரன்:

அண்ணே நீங்க வேற, பத்தூர் நடராஜர் பேரெடுத்ததும் அம்மா பேப்பர்ல பாத்த கதைய ராத்திரி பூரா சொல்லிக்கிட்டிருந்தாங்க. இன்னிக்குக் காலைல காபி குடுத்துக்கிட்டே "அந்த அஞ்சு பொண்ணுங்களையும் பாத்துட்டு வந்துடுவோம், ஆறாவதும் வந்துருச்சான்னு கேளு"ன்னாங்க. வரலம்மான்னேன். ஆக முடிவு: முதல் நாள் சாயங்காலம் அக்ரோபொலிஸ் மியூசியம், ரெண்டாவது நாள் 8 மணி ஸ்லாட்ல தனிக் கைடோட மலை, அம்மா முடிஞ்ச வரைக்கும் ஏறுவாங்க, மத்தியானம் ரெஸ்ட், மூணாவது நாள் நானும் பையனும் அகோரா, வெண்கலச் சாமிக்கு எல்லாரும். வீட்டுக்காரம்மாவுக்கு ஷூ வாங்கணும்.

கடைசியா ஒண்ணே ஒண்ணு. தங்கச்சி வீட்லேருந்து புளிசோறு கட்டிக்கிட்டு மேல கொண்டு போலாமான்னு அம்மா கேக்கறாங்க.

நாகை_கப்பல்காரன்:

உள்ள பிரிக்க விடமாட்டாங்க தம்பி, தண்ணி பாட்டிலோட சரி. கீழ வந்து மர நிழல்ல உக்காந்து சாப்பிடுங்க. தீந்துடுச்சுன்னா அங்க தக்காளிக்குள்ள சோறு அடைச்சு வேக வச்சுத் தருவாங்க, கெமிஸ்டான்னு பேரு, கறி இல்லாததுன்னு கேட்டு வாங்குங்க, கெட்டித் தயிர் எங்கயும் கெடைக்கும். ஊறுகா மட்டும் மறக்காதீங்க.