புதுப்பிப்பு: பட்டர்வொர்த் வீட்டு மெயின் கேபிளை மாற்றிவிட்டோம்

வாசல் மீட்டரிலிருந்து பின்கட்டு மெயின் பெட்டிவரை 35 மீட்டர். 10 சதுர மில்லிமீட்டர் கேபிள் போதுமா என்று சென்ற மாதம் கேட்டிருந்தேன். போதாது. 63 ஆம்பியர் முழுச் சுமையில் ஏறக்குறைய 10 வோல்ட் வழியிலேயே போய்விடுகிறது. 16 சதுர மில்லிமீட்டரில் 6 வோல்ட்தான். வருவதே 230 வோல்ட். ஆகவே 16, செம்பு, எஃகுக் கவசம் போட்டது.

பழையதை உருவியபோது நெஞ்சு பதறியது. சுவர்த் துளையின் கூரான விளிம்பில் உரசி மேலுறை கிழிந்து, உள்ளே செம்பு பச்சை பூத்திருந்தது. அதற்கு ஒரு முழம் தள்ளித்தான் அம்மா துணி காயப்போடுவார்.

புதியதை அரை மீட்டர் ஆழத்தில் மணல் பரப்பிப் புதைத்து, மேலே எச்சரிக்கை நாடா விரித்திருக்கிறோம். கவசத்தை எர்த்துடன் இணைக்கும்வரை கூடவே நின்றேன். மீட்டர் முனையிலும் 63 ஆம்பியர் பிரேக்கர் உண்டு. பெட்டியில் உள்ள பிரேக்கர், அதற்கு முன்னால் ஓடும் கேபிளில் பழுது வந்தால் துண்டிக்காது என்று எச்சரித்த அண்ணனுக்கு மனமார்ந்த நன்றி. மலேசிய எரிசக்தி ஆணையத்தில் பதிவு பெற்ற வயர்மேனையே அழையுங்கள்.

அடுத்து, குளியலறை ஹீட்டருக்கு 10 மில்லி ஆம்பியர் மின்சாரம் கசிந்தாலே இணைப்பைத் துண்டிக்கும் கசிவுத் துண்டிப்பான்.