ஆர்க்டிக் மங்கீஸ் வாசிக்க ஃபஸ் பெடலும் ஒரு இடமும் வேணும் மக்கா

தக்கலை பக்கத்துல நாங்க நாலு பேரு, எல்லாம் சர்ச் கொயர்ல வாசிக்கிறவங்கதான், கிறிஸ்மஸ் லீவுக்கு ஆர்க்டிக் மங்கீஸ்ங்கிற இங்கிலாந்து ராக் பேண்டோட பாட்டு மட்டும் ஒரு மணி நேரம் வாசிக்கலாம்னு இருக்கோம். ஷெஃபீல்டுக்கார பயலுவ, 2006ல முத ஆல்பம் போட்டப்ப கிட்டார் டிரம்ஸ் எல்லாம் நிக்காம ஓடும், வார்த்தையும் அப்படித்தான், அது எங்களுக்கு ஓரளவு கையில நிக்குது. பொறவு வந்த ஆல்பத்துலதான் சிக்கல். 2009 ஹம்பக் ஆல்பத்துல அமெரிக்க ராக் கிட்டாரிஸ்ட் ஜாஷ் ஹோம்மி புரொடியூசரா வந்ததும் சவுண்டு கனத்துப் போச்சு, 2013 ஏஎம் ஆல்பத்துல டிரம்ஸ் அப்படியே ஹிப்ஹாப் மாதிரி நிதானமா அடிக்குது, மேல ஃபஸ் (கிட்டார் சவுண்ட கரகரன்னு ஆக்குறது) போட்ட ரிஃபும் (திரும்பத் திரும்ப வர்ற கிட்டார் துண்டு) ஹை பிட்ச்ல கோரஸும். (கோரஸுக்கு கவலை இல்ல, கொயர் பிள்ளைங்க இருக்காங்க.) 2018 ஆல்பத்துல பாத்தா பாடகர் அலெக்ஸ் டர்னர் பியானோல போய் உக்காந்துட்டாரு, நெறைய பேரு திட்டுனாங்க, எனக்கு அதுதான் ரொம்ப புடிச்சது.

நாகர்கோவில், மார்த்தாண்டம் ஏரியாவுல யாருகிட்டயாவது நல்ல ஃபஸ் பெடல் இருந்தா ரெண்டு வாரத்துக்கு வாடகைக்கு தருவீங்களா? எங்ககிட்ட இருக்க மல்டி எஃபெக்ட்ஸ்ல போட்டா கொசு கத்துற மாதிரி கேக்குது. பொறவு ராத்திரி டிரம்ஸ் அடிச்சாலும் யாரும் சண்டைக்கு வராத எடம், ரப்பர் தோட்டத்து ஷெட்டுனாலும் போதும், கரண்டு மட்டும் இருக்கணும். வேகமான பாட்டுல இருந்து பியானோ பாட்டுக்கு எப்படி மாறுறதுன்னு மேடையில வாசிச்சு பழகுன அண்ணன்மாரு சொன்னீங்கன்னா பாட்டு வரிசைய இந்த ஞாயித்துக்கெழமை ஆராதனை முடிஞ்சதும் முடிவு பண்ணிருவோம்.