மதுரை கிழக்கின் நன்மாறன்: நேரில் கண்டவர்களின் நினைவுகள்

மதுரை கிழக்குத் தொகுதியிலிருந்து 2001, 2006 ஆகிய இரண்டு தேர்தல்களிலும் மார்க்சிஸ்ட் கம்யூனிஸ்ட் கட்சியின் சார்பில் சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட தோழர் நன்மாறனை நான் முதன்முதலில் அறிந்தது ஒரு தெருமுனைக் கூட்டத்தில்தான். 'மேடைக் கலைவாணர்' என்று மதுரை அவரை அழைத்ததற்கான காரணம் அன்று எனக்கு விளங்கியது. விலைவாசியைப் பற்றியும் ரேஷன் அரிசியைப் பற்றியும் அவர் பேசப் பேசக் கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. ஆனால் மாற்றுக் கட்சியினர் எவரையும் இழித்துரைக்கும் ஒரு சொல்கூட அவர் வாயிலிருந்து வரவில்லை. நகைச்சுவைக்காக ஒருவரை மட்டம் தட்டியே ஆகவேண்டும் என்று நம்பும் பேச்சாளர்களைப் பார்த்துப் பழகியிருந்த எனக்கு அது பெரிய வியப்பாக இருந்தது.

பிறகு, எங்கள் தெருவில் கழிவுநீர் தேங்கி நின்றது தொடர்பாக ஒரு மனுவை எழுதி எடுத்துக்கொண்டு கட்சி அலுவலகத்துக்குச் சென்றேன். உதவியாளர் வழியாக நேரம் கேட்கவேண்டிய தேவை இருக்கவில்லை. மனுவை முழுவதும் படித்துவிட்டு, என் ஒருவனின் கையெழுத்து மட்டும் போதாது, தெருவில் குடியிருக்கும் அனைவரிடமும் வாங்கி வாருங்கள் என்று சொல்லி அனுப்பினார். அந்தக் கையெழுத்துகளுக்காக வீடு வீடாக ஏறி இறங்கியபோதுதான், பல ஆண்டுகள் அடுத்தடுத்து வாழ்ந்தும் பேசிக்கொள்ளாதவர்களிடம் நான் முதன்முறையாகப் பேசினேன். சட்டமன்ற உறுப்பினரின் பரிந்துரைக் கடிதம் என்றால் அது தனியொருவருக்குக் கிடைக்கும் சலுகை என்றே அதுவரை எண்ணியிருந்தேன்.

அவர் நகரப் பேருந்திலும் ஆட்டோவிலும் பயணம் செய்ததைப் பற்றிப் பலரும் எழுதிவிட்டார்கள். எனக்கு அதைவிட முக்கியமாகத் தோன்றுவது வேறொன்று. கம்யூனிஸ்ட் கட்சிகளில் சட்டமன்ற உறுப்பினர் தம் ஊதியத்தைக் கட்சியிடம் ஒப்படைத்துவிட்டு, முழுநேர ஊழியருக்குரிய சிறு தொகையைப் பெற்றுக்கொள்வது வழக்கம். அந்த வழக்கத்தின்படியே வாழ்ந்தவர், இரண்டு முறை உறுப்பினராக இருந்த பிறகும் வாடகை வீட்டிலேயே வசித்து, 2021-ஆம் ஆண்டில் குடிசை மாற்று வாரிய வீடு ஒன்றை ஒதுக்கித் தருமாறு மதுரை மாவட்ட ஆட்சியர் அலுவலகத்தில் மனு அளித்தார். செய்தியைப் படித்தவர்கள் எளிமையின் சிகரம் என்று அவரைப் புகழ்ந்தார்கள். எனக்கோ மனம் மிகவும் வலித்தது. எழுபது வயதைக் கடந்த ஒருவர் வீட்டுக்காக மனுவோடு செல்லவேண்டியிருந்ததை நாம் இரசிக்கக் கூடாது. அவரைப் போல வாடகைக்குக் குடியிருக்கும் மற்ற முதியவர்களின் நிலையையும் சேர்த்தே அது காட்டியது. அதே ஆண்டு அக்டோபர் 28 அன்று மதுரை அரசு இராசாசி மருத்துவமனையில் அவர் காலமானார்.

மறுமொழி

ஐயா, தங்கள் பகிர்வைப் படித்தபோது 2006-ஆம் ஆண்டின் வாக்கு எண்ணிக்கை நாள் நினைவுக்கு வந்தது. நான் அப்போது எதிரணியில் வேலை செய்தவன். எங்கள் கூட்டணியின் மதிமுக வேட்பாளர் நன்மாறனிடம் 51 வாக்குகளில் தோற்றார். நூறு வீடுகள்கூட இல்லாத ஒரு தெருவின் வாக்குகள் அவை. அந்த வருத்தம் நீங்க எனக்கு வெகுநாள் ஆயிற்று. ஆயினும், அதன்பின் ஒருநாள் பேருந்து நிறுத்தத்தில் நன்மாறனைக் கண்டு வணக்கம் சொன்னபோது, நான் எந்த அணிக்காரன் என்று தெரிந்திருந்தும் அவர் நின்று நலம் விசாரித்துவிட்டே சென்றார்.

அந்தத் தொகுதியின் மரபையும் இங்கே சொல்லவேண்டும். மார்க்சிஸ்ட் கட்சித் தலைவர்களான கே. பி. ஜானகி அம்மாள் 1967-இலும், என். சங்கரய்யா 1977, 1980 ஆகிய தேர்தல்களிலும் வென்ற தொகுதி அது. நன்மாறன் அந்த வரிசையில் வந்தவர். 2011 தேர்தல் முதல் நடைமுறைக்கு வந்த மறுசீரமைப்பில் மதுரை கிழக்கு என்னும் பெயர் நீடித்தாலும் எல்லைகள் பெரிதும் மாறிவிட்டன; அவருக்கு வாக்களித்த நகரத் தெருக்கள் இன்று வேறு தொகுதிகளில் இருக்கின்றன.

மேடைப் பேச்சை நினைவுகூர்பவர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள். சட்டமன்றத்தில், குறிப்பாகக் கேள்வி நேரத்திலும் மானியக் கோரிக்கை விவாதங்களிலும், அவர் பேசியதைப் பார்வையாளர் மாடத்திலிருந்து கேட்டவர்கள் எவரேனும் இருந்தால் அவசியம் எழுதுங்கள். அந்தப் பகுதிதான் இதுவரை இங்கு பதிவாகவில்லை.